கார் ஷெட்டில் பிறந்த அரங்கு: ட்ரெவர் ரோன் பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

ஜமைக்கா என்றதும் நம் ஆட்களுக்குச் சட்டென்று வருகிற பெயர்கள் பாப் மார்லி, மைக்கேல் ஹோல்டிங், கோர்ட்னி வால்ஷ், உசேன் போல்ட். ட்ரெவர் ரோன் என்று சொன்னால் யார் என்று கேட்பார்கள். ஜமைக்காவில் நாடகம் பார்க்கிற பழக்கம் உள்ள யாரிடமும் அந்தப் பெயரை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. நடிகர், நாடக ஆசிரியர், இயக்குநர், திரைக்கதை ஆசிரியர், கொஞ்ச காலம் பள்ளிக்கூட வாத்தியார். 1940ல் பிறந்தார், 2009ல் இறந்தார். இடைப்பட்ட காலத்தில் அவர் செய்து காட்டியது சின்ன விஷயம் இல்லை: 1962ல் சுதந்திரம் வாங்கியபோது மொத்தமே சுமார் 16 லட்சம் பேர் இருந்த ஒரு தீவில், வெளிநாட்டுக்காரர்கள் பாராட்டட்டும் என்று காத்திருக்காமல், உள்ளூர்க்காரர்கள் டிக்கெட் வாங்கிப் பார்க்கிற நாடகத்தை வைத்தே ஒரு எழுத்துக்காரன் பிழைக்க முடியும் என்று நிரூபித்தார்.

அவருடைய வாழ்க்கையை வரிசையாகச் சொல்லிக்கொண்டு போவதைவிட அதை ஒரு கேஸாக எடுத்துப் பார்க்கவே எனக்கு விருப்பம். கலை என்றால் திறமை, திறமை இருந்தால் வழி தானாகத் திறக்கும் என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். ரோனிடம் திறமைக்குக் குறைவே இல்லை, ஆனாலும் அவருடைய நாடகங்கள் அந்த வடிவத்தில் வந்ததற்குப் பாதிக் காரணம் அவர் நாடகம் போட்ட இடமும், அங்கே காசு கொடுத்து வந்து உட்கார்ந்த ஜனங்களும்தான். இதைத்தான் இங்கே எடுத்துக்காட்டப் பார்க்கிறேன்.

எங்கிருந்து வந்தார்

பெல்லாஸ் கேட் என்பது செயின்ட் கேத்தரின் பகுதியின் மலைப்பக்கம் இருக்கிற குட்டி ஊர். ரோன் அங்கேதான் வளர்ந்தார், 21 பிள்ளைகளில் கடைக்குட்டி. ஒன்பது வயதில் முதல்முறை ஒரு மேடை நாடகத்தைப் பார்த்து அதிலேயே மனதைப் பறிகொடுத்தார் என்பார்கள். மேல்படிப்புக்கு ஸ்பானிஷ் டவுனில் இருந்த பெக்ஃபர்ட் அண்ட் ஸ்மித் பள்ளிக்குப் போனார், இன்றைக்கு அது செயின்ட் ஜாகோ உயர்நிலைப் பள்ளி.

அந்தக் காலத்துத் தலைநகர் கிங்ஸ்டனில் நாடகம் இல்லாமல் இல்லை. 1912ல் கட்டிய வார்ட் தியேட்டர் இருந்தது. லிட்டில் தியேட்டர் மூவ்மென்ட் என்ற அமைப்பு 1941லிருந்து வருடா வருடம் பெரிய பாட்டு நாடகம் ஒன்று போட்டுக்கொண்டிருந்தது. முதல் வருடம் அவர்கள் எடுத்த கதை ஜாக்கும் அவரைக்கொடியும், அதாவது இங்கிலாந்துக் குழந்தைகளின் கதை. போகப்போக லூயிஸ் பென்னெட், ரேனி வில்லியம்ஸ் மாதிரி ஆட்கள் உள்ளே வந்து அந்த மேடைக்கு ஜமைக்காவின் பேச்சையும், அனான்சி என்ற தந்திரக்காரச் சிலந்தியின் நாட்டுப்புறக் கதைகளையும் கொண்டுவந்தார்கள். குறிப்பாக லூயிஸ் பென்னெட், தெருவில் பேசுகிற பட்வா மொழியைப் படித்தவர்கள் கொச்சை என்று ஒதுக்கிய நாட்களிலேயே அதில் கவிதை எழுதி மேடையில் நின்று சொன்னவர். அவர் போட்ட பாதையில்தான் ரோன் பின்னால் நடந்தார். ஆனால் இதெல்லாம் பகலில் வேறு வேலை பார்த்துவிட்டு மாலையில் ஒத்திகைக்கு வருகிறவர்களின் நாடகம். நாடகம் போட்டுக் குடும்பம் நடத்தினேன் என்று சொல்ல அங்கே அனேகமாக ஆளில்லை.

ரோன் 1960ல் இங்கிலாந்துக்குப் போனார். கென்ட்டில் சிட்கப் என்ற இடத்தில் இருந்த ரோஸ் ப்ரூஃபோர்ட் நாடகக் கல்லூரியில் மூன்று வருடம். படிப்பை முடித்துக்கொண்டு ஊருக்கு வந்து பள்ளிக்கூடத்தில் பாடம் எடுத்தார், மறுபடி இங்கிலாந்து போய் நடிகராக ஒட்டிக்கொள்ளப் பார்த்தார். கறுப்பு நடிகர்களுக்கு அங்கே அப்போது கிடைத்த வேடங்களை யோசித்துப் பாருங்கள். ஒரு சுமைதூக்கி, ஒரு பஸ் கண்டக்டர், காலனி நாட்டுக் கதை என்றால் கூட்டத்தில் நிற்கிற ஒரு ஆள், அவ்வளவுதான். மூன்று வருடம் குரலுக்கும் உடம்புக்கும் பயிற்சி எடுத்த ஒருவருக்கு இரண்டு வரி வசனம். அவர் அந்த வேடங்களில் திருப்தி இல்லாமல் திரும்பி வந்துவிட்டார். இந்தத் திரும்பி வருதல்தான் இந்தக் கேஸில் முதல் பெரிய முடிவு. அதே தலைமுறையில் கரீபியனிலிருந்து கிளம்பிய நடிகர்கள், எழுத்தாளர்கள் பலர் லண்டனிலேயே தங்கிவிட்டார்கள், அவர்களில் பெரிய சாதனைக்காரர்கள் உண்டு, அவர்களைக் குறை சொல்ல எனக்கு எந்த உரிமையும் இல்லை. ஆனால் தங்கியவர்கள் காலம் முழுக்க மற்றவர்கள் எழுதுகிற வேடத்துக்காகக் காத்திருக்க வேண்டியிருந்தது. ரோன் வேடத்தைத் தானே எழுதுவதென்று முடிவெடுத்தார்.

தியேட்டர் 77

1965. அதே ரோஸ் ப்ரூஃபோர்டில் ரோனுக்குச் சில வருடம் முன்னால் படித்தவர் இவோன் ப்ரூஸ்டர், கிங்ஸ்டன் பெண். ரோஸ் ப்ரூஃபோர்டில் படித்த முதல் கறுப்புப் பெண்களில் ஒருவர், உனக்கு இந்த நாட்டில் நாடக வேலை கிடைக்காது என்று சேர்ந்த புதிதிலேயே சொல்லக் கேட்டவர். அவரும் ரோனும் இன்னும் சில நண்பர்களும் சேர்ந்து ஒரு குழு ஆரம்பித்தார்கள். பெயர் தியேட்டர் 77. ஏன் 77? பன்னிரண்டு வருடத்தில், அதாவது 1977க்குள், ஜமைக்காவில் முழுநேரத் தொழில்முறை அரங்கு ஒன்றை நிறுத்திவிட வேண்டும் என்று கெடு வைத்துக்கொண்டார்கள். குழுவின் பெயரிலேயே கெடுவைப் போட்டுக்கொண்டவர்களை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை. எனக்கு இது ரொம்பப் பிடிக்கும். மானியம் கொடுங்கள், கட்டடம் கொடுங்கள், அப்புறம் நாடகம் போடுகிறோம் என்று அவர்கள் உட்காரவில்லை.

கட்டடம்? ப்ரூஸ்டரின் குடும்ப வீட்டில் இருந்த கார் ஷெட். அதைத்தான் அரங்காக மாற்றி 'த பார்ன்' என்று பெயர் வைத்தார்கள். சுமார் 150 பேர் உட்காரலாம். மேடைக்கும் முதல் வரிசைக்கும் நடுவில் இடைவெளி என்று பெரிதாக எதுவும் இல்லை.

இப்போது அந்த இடத்தை ஒரு எழுத்தாளராக இருந்து பாருங்கள். பத்துப் பதினைந்து பாத்திரம் வைத்து எழுத முடியாது, நிற்க இடம் இல்லை, சம்பளம் கொடுக்கவும் காசு இல்லை. செட் மாற்ற முடியாது, எனவே ஒரே இடத்தில் நடக்கிற கதை வேண்டும். அலங்காரமான வசனம் பேசினால் இரண்டு முழம் தள்ளி உட்கார்ந்திருப்பவருக்கு உடனே பொய்யாகப்படும், பக்கத்து வீட்டில் பேசுகிற மாதிரிதான் பேசியாக வேண்டும். ஒரு ராத்திரிக்கு 150 டிக்கெட்தான் என்பதால் ஒரே நாடகம் மாதக்கணக்கில் ஓடினால்தான் கணக்கு நேராகும், மாதக்கணக்கில் ஓட வேண்டுமென்றால் பார்த்தவர் வெளியே போய் நாலு பேரிடம் சொல்ல வேண்டும். ஜனங்கள் எதைப் போய்ச் சொல்வார்கள்? வயிறு குலுங்கச் சிரித்ததைச் சொல்வார்கள், தங்கள் வீட்டுக் கதை மாதிரியே இருந்தது என்று சொல்வார்கள். ரோனின் நாடகங்களில் ஆட்கள் குறைவு, இடம் ஒன்று, பேச்சு பட்வா, சிரிப்பு நிறைய. இவை நான்குக்கும் பின்னால் இலக்கியக் கொள்கையைத் தேடுகிற கட்டுரைகள் உண்டு, ஆனால் அந்தக் கார் ஷெட்டின் சுவர்களைக் கணக்கில் சேர்க்காத விளக்கம் எனக்குப் பாதி விளக்கமாகவே படுகிறது.

முதலில் சில சின்ன நாடகங்கள், சில பரிசோதனைகள். வெளிநாட்டு நாடகங்களும் போட்டார்கள். ரோன் எழுதியதோடு நடிக்கவும் செய்தார், இயக்கவும் செய்தார். எழுதுபவரே இயக்கினால் குறை தெரியாது என்று ஒரு வாதம் உண்டு. இங்கே நடந்தது வேறு. ராத்திரிக்கு ராத்திரி ஜனங்களுக்கு நடுவில் நின்று எந்த வரிக்குச் சிரிக்கிறார்கள், எங்கே இருமுகிறார்கள், எங்கே பக்கத்தில் இருப்பவரைத் தோளில் தட்டுகிறார்கள் என்று பார்க்கிற வாய்ப்பு, அறையில் உட்கார்ந்து எழுதுகிறவருக்குக் கிடைக்காது. மூன்று வேலையும் ஒரே ஆளிடம் இருந்தது பெருமைக்காக இல்லை, வேறு ஆளுக்குக் கொடுக்கக் காசு இல்லை என்பதும் ஒரு காரணம், அது கடைசியில் அவர் எழுத்துக்கே நல்லதாக முடிந்தது.

ஸ்மைல் ஆரஞ்ச்

1971ல் வந்தது 'ஸ்மைல் ஆரஞ்ச்'. இதுதான் பார்னையும் ரோனையும் நிலைநிறுத்திய நாடகம், மாதக்கணக்கில் ஓடியது.

கதை நடப்பது மோச்சோ பீச் ஹோட்டல் என்ற கற்பனையான, ரொம்பச் சுமாரான ஒரு கடற்கரை ஹோட்டலில். அமெரிக்கச் சுற்றுலாப் பயணிகள் வருவார்கள், உள்ளூர்க் கறுப்பர்கள் பரிமாறுவார்கள். ரிங்கோ அங்கே ஒரு வெயிட்டர். டிப்ஸ் எப்படிக் கறப்பது, வெள்ளைக்காரப் பெண்களிடம் எப்படிச் சிரிப்பது, நண்டுப் பந்தயத்தில் எப்படித் தில்லுமுல்லு செய்வது எல்லாம் அவனுக்கு அத்துப்படி. போன் சுவிட்ச்போர்டில் உட்கார்ந்திருக்கும் மிஸ் பிராண்டன் எந்த அமெரிக்கன் தன்னை அழைத்துக்கொண்டு போவான் என்று பார்த்துக்கொண்டிருக்கிறார். உதவி மேனேஜர் ஓகீஃப் மேலே இருப்பவர்களுக்குப் பயந்து கீழே இருப்பவர்களை விரட்டுகிறார். சிரில் என்று கிராமத்திலிருந்து புதிதாக வந்த எடுபிடிப் பையன்.

ரிங்கோ சிரிலுக்கு வேலை கற்றுக்கொடுக்கிற இடம் இருக்கிறதே, முழு நாடகமும் எனக்கு அங்கேதான் இருக்கிறது. தட்டை எப்படிப் பிடிப்பது, மேஜையை எப்படித் துடைப்பது என்பதில் ஆரம்பித்து, மெல்ல மெல்லப் பாடம் வேறு பக்கம் திரும்புகிறது. வெள்ளைக்காரன் உன்னை எப்படிப் பார்க்க ஆசைப்படுகிறானோ அப்படியே இரு, அவன் பார்வைக்கு ஒரு வேஷம் போடு, வேஷம் போடத் தெரியாத கறுப்பன் பட்டினி கிடந்து சாக வேண்டியதுதான் என்கிற அளவுக்குப் போகிறான் ரிங்கோ. அரங்கம் முழுக்கச் சிரிக்கிறது, ஏனென்றால் அவன் சொல்கிற விதம் அப்படி. ஆனால் சொல்வது என்ன? அடிமை முறை சட்டப்படி 1838ல் முடிந்துபோன ஒரு தீவில், சுதந்திரம் வாங்கி ஒன்பது வருடம் கழித்து, ஒரு மனிதன் இன்னொரு மனிதனுக்குப் பணிவை நடிக்கச் சொல்லிக்கொடுக்கிறான். ரோன் நடிப்புக் கல்லூரியில் படித்தவர் என்பதை இங்கே மறக்கக்கூடாது. ரிங்கோ நடத்துவதும் ஒரு நடிப்பு வகுப்புதான். லண்டனில் தனக்கு மறுக்கப்பட்ட வேடங்களைப் பற்றி அவர் நேரடியாகப் புலம்பி எழுதவில்லை, அந்தக் கசப்பு முழுவதையும் இந்த வெயிட்டரின் வாயில் வைத்துவிட்டார் என்றுதான் நான் படிக்கிறேன்.

அப்புறம் ஒரு கட்டத்தில் ஹோட்டல் விருந்தாளி ஒருவர் தண்ணீரில் மூழ்கிச் சாகிறார். உயிர்காப்பு வேலைக்கு வைத்திருந்தவர்களுக்கு நீச்சலே தெரியாது. இதையும் ஜனங்கள் சிரித்துத்தான் பார்த்தார்கள். சுற்றுலாதான் நாட்டின் எதிர்காலம் என்று மேடை மேடையாகப் பேசிக்கொண்டிருந்த காலத்தில், அந்தத் தொழிலின் அடிவயிற்றை இப்படித் திறந்து காட்டியதற்குத் துணிச்சல் வேண்டும். நகைச்சுவை நாடகம் என்று இதை ஒரு சொல்லில் முடித்துவிடுகிற விமர்சனங்கள் ரோனுக்குச் செய்த அநியாயம் என்று நான் நினைக்கிறேன். சிரிப்புக்குக் கீழே இருப்பது கோபம், நன்றாக ஊறிய கோபம்.

சினிமா

அடுத்த வருடமே, 1972ல், 'த ஹார்டர் தே கம்'. ஜமைக்காவின் முதல் முழுநீளக் கதைப்படம் என்று சொல்லப்படுவது. இயக்கியவர் பெர்ரி ஹென்செல், திரைக்கதையை அவரும் ரோனும் சேர்ந்து எழுதினார்கள். பாடகர் ஜிம்மி கிளிஃப்தான் நாயகன் ஐவன். கிராமத்திலிருந்து பாட்டுப் பாட ஆசைப்பட்டு கிங்ஸ்டனுக்கு வருகிறான், இசைத்தட்டு முதலாளி அவன் பாட்டுக்கு 20 டாலர் கொடுத்துக் கையெழுத்து வாங்கிக்கொள்கிறான், அங்கிருந்து கஞ்சா வியாபாரம், போலீஸ், துப்பாக்கி. 1940களில் கிங்ஸ்டனையே கதிகலங்க வைத்த ரைகிங் என்ற துப்பாக்கிக்காரனின் நிஜக் கதையிலிருந்து கிளைத்தது. கிங்ஸ்டன் கேரிப் தியேட்டரில் முதல் காட்சிக்குக் கூட்டம் கட்டுக்கடங்காமல் வந்தது. திரையில் தங்கள் தெருவையும் தங்கள் பேச்சையும் அந்த ஜனங்கள் அதுவரை பார்த்ததே இல்லை. அமெரிக்காவில் அதே பேச்சு புரியாமல் ஆங்கிலப் படத்துக்கே ஆங்கிலத்தில் சப்டைட்டில் போட்டார்கள், நள்ளிரவுக் காட்சிகளாக அங்கே வருடக்கணக்கில் ஓடியது, ரெகே இசையை வெளியுலகத்துக்குக் கொண்டுபோனதில் இந்தப் படத்தின் பாடல் தட்டுக்குப் பெரிய பங்கு உண்டு.

இந்தப் படத்தில் புகழ் பெரும்பாலும் ஹென்செலுக்கும் ஜிம்மி கிளிஃபுக்கும்தான் போனது, அது நியாயம்தான், ஹென்செல் படப்பிடிப்பின்போது நிறைய மாற்றிக்கொண்டே போனவர். ஆனால் அதற்கு முன்பே வருடக்கணக்காக உள்ளூர்ப் பேச்சை வசனமாக்கிப் பழகிய கை ஒன்று அந்தத் திரைக்கதையில் இருந்தது என்பதைச் சொல்லியாக வேண்டும்.

1976ல் ரோன் தானே இயக்குநராகி 'ஸ்மைல் ஆரஞ்ச்' நாடகத்தைப் படமாக எடுத்தார். ரிங்கோவாக கார்ல் பிராட்ஷா, 'த ஹார்டர் தே கம்' படத்தில் ஹோசே வேடத்தில் வந்தவர். படம் பார்க்கச் சுவையாக இருக்கிறது, நிஜ ஹோட்டல், நிஜக் கடற்கரை, பிராட்ஷாவின் உடம்பு மொழி அபாரம். ஆனால் நாடகத்தின் கூர் கொஞ்சம் மழுங்கிவிட்டது என்றுதான் சொல்வேன். மேடையில் நாம் அந்த ஆட்களோடு ஒரே அறையில் அடைபட்டிருக்கிறோம், அவர்கள் பேசுகிற வெளியுலகம் நம் கற்பனையில் மட்டும் இருக்கிறது. கேமரா வெளியே போய் நீச்சல் குளத்தையும் கடலையும் காட்டத் தொடங்கியதும் அந்த மூச்சுமுட்டல் போய்விடுகிறது. பார்ன் அரங்கின் நெருக்கம்தான் அந்த எழுத்துக்குப் பலம் என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி எனக்குக் கிடைக்கவில்லை.

ஒரு முழுநீளப் படம் எடுத்துவிட்டார், அடுத்தடுத்து வர வேண்டாமா? வரவில்லை. சின்னத் தீவு, உள்ளூரில் விற்கிற டிக்கெட்டை வைத்து ஒரு படத்தின் செலவை மீட்பது ரொம்பக் கடினம், வெளியே விற்க வேண்டும், வெளியே விற்பதற்கு ஆள் பிடிக்க வேண்டும். நாடகத்தில் அவரே முதலாளி. சினிமாவில் அப்படி இருக்க முடியவில்லை. இது அவர் தோல்வி என்று சொல்ல மாட்டேன், ஆனால் இந்தக் கேஸில் அவருடைய முறை எட்டாத எல்லை இதுதான்.

மறுபடி மேடை

1975ல் 'ஸ்கூல்ஸ் அவுட்'. ஒரு பள்ளிக்கூட ஆசிரியர் அறை, பழுதாகிக் கிடக்கிற கழிவறை, அதன் நாற்றம், அதைப் பற்றி எல்லோரும் புலம்புகிறார்கள், யாரும் சரிசெய்வதில்லை. வாத்தியாராக இருந்தவர் எழுதியது என்று ஒவ்வொரு வரியிலும் தெரியும். நல்ல நாடகம், மேலே போகிறேன்.

1979ல் வந்த 'ஓல்ட் ஸ்டோரி டைம்'தான் என் கணக்கில் அவர் எழுதியதிலேயே பெரியது. பா பென் என்ற கிழவர் பார்வையாளர்களிடம் நேராகப் பேசி, கதை சொல்லட்டுமா என்று ஆரம்பிக்கிறார். ஊர்ப்புறத்தில் ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறம் பெரியவர்கள் கதை சொல்கிற பழக்கத்தை அப்படியே மேடைக்குக் கொண்டுவந்துவிட்டார் ரோன். கதை லென் என்ற பையனைப் பற்றியது, அவனைவிட அவன் அம்மா மிஸ் அகி என்பவளைப் பற்றியது. அந்த அம்மாவுக்கு மகன் உயர வேண்டும், உயர்வது என்றால் நிறம் வெளுப்பது. கறுப்புப் பெண் பேர்லோடு விளையாடியதற்காக மகனை அடிக்கிறாள். பாதிரியாரின் மாநிற மகள் மார்கரெட்டைத்தான் கட்ட வேண்டும் என்கிறாள். மூக்கு நேராக வர வேண்டும் என்று ராத்திரி மூக்கில் துணி கிளிப் மாட்டிக்கொள்ளச் சொல்கிறாள்.

அந்தத் துணி கிளிப் வருகிற இடத்தில் சிரிப்பு வரும். அடுத்த நிமிடம் நெஞ்சை அடைக்கும், ஏனென்றால் அவள் கெட்டவள் இல்லை. தன் பிள்ளை தன்னைப் போல மிதிபடக்கூடாது என்று நினைக்கிற ஏழைத் தாய். அவளுக்கு அந்தப் பாடத்தைச் சொல்லிக்கொடுத்தது முந்நூறு வருடத் தோட்ட வாழ்க்கை. லென் வெளிநாட்டில் படித்து முனைவராகித் திரும்புகிறான், கூடவே லோயிஸ் என்ற கறுப்புப் பெண்ணை மனைவியாகக் கூட்டிக்கொண்டு வருகிறான். மாமியாருக்கு அவளைக் கண்டாலே ஆகவில்லை, மகனுக்கு ஏதோ மருந்து வைத்துவிட்டாள் என்று முடிவு கட்டிப் பதிலுக்கு ஓபியா என்ற உள்ளூர்ச் சூனியம் செய்கிற மந்திரவாதியிடம் போகிறாள். மறுபக்கம், மகனுக்கு மார்கரெட்டிடமும் அவள் கூட்டாளி ஜார்ஜிடமும் பள்ளி நாட்களில் நேர்ந்த அவமானம் என்ன என்று அந்தத் தாய்க்குக் கடைசிவரை தெரியாது. தெரிய வரும்போது அவள் ஏவிய மந்திரம் அவள் மேலேயே திரும்பியிருக்கிறது, அவளைக் காப்பாற்ற அவள் வெறுத்த மருமகள் உட்பட எல்லோரும் கை கோத்து நிற்க வேண்டியிருக்கிறது.

நிறவெறி பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் வெள்ளைக்காரனை எதிரே நிறுத்தி எழுதுவார்கள். இந்த நாடகத்தில் வெள்ளைக்காரப் பாத்திரமே கிடையாது. எல்லாம் வீட்டுக்குள்ளேயே, தாய்க்கும் மகனுக்கும் நடுவில் நடக்கிறது. லென்னின் சின்ன வயதுக் காட்சிகளையும் அதே நடிகர்தான் நடிக்கிறார், வேட்டி சட்டை மாற்ற நேரமில்லை, தோளைக் குறுக்கி நின்றால் எட்டு வயது, நிமிர்ந்தால் முனைவர். ஆள் குறைவாக வைத்தாக வேண்டிய கட்டாயத்திலிருந்து பிறந்த உத்தியாக இது இருக்கலாம். ஆனால் பெரியவனுக்குள் அந்த அடிவாங்கிய பையன் இன்னும் இருக்கிறான் என்பதை வேறு எந்த வழியிலும் இவ்வளவு சுலபமாகக் காட்டியிருக்க முடியாது.

'டூ கேன் ப்ளே' 1982. இதில் நடிகர்கள் இரண்டே பேர், ஜிம், குளோரியா என்ற தம்பதி. சுற்றிலும் இரவெல்லாம் துப்பாக்கிச் சத்தம். அது கற்பனை இல்லை, 1970களின் கடைசியில் கட்சிச் சண்டை கிங்ஸ்டன் தெருக்களை ரத்தக்களரியாக்கியிருந்தது, 1980 தேர்தல் ஆண்டில் மட்டும் சுமார் 800 பேர் செத்தார்கள் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. முடிந்தவர்கள் மயாமிக்கும் டொரன்டோவுக்கும் விமானம் ஏறிக்கொண்டிருந்தார்கள். ஜிம்மும் குளோரியாவும் அதற்கு ஒரு திட்டம் போடுகிறார்கள்: குளோரியா முதலில் அமெரிக்கா போய்க் காகிதத்துக்காக ஒருவனைக் கல்யாணம் செய்துகொள்வது, குடியுரிமை கிடைத்ததும் கணவனை அழைத்துக்கொள்வது. போய்விட்டுத் திரும்பி வருகிற குளோரியா பழைய குளோரியா இல்லை. இருபது வருடம் தனக்கு என்ன வேண்டும் என்று கணவன் ஒருமுறைகூடக் கேட்டதில்லை என்பது அவளுக்குப் புரிந்துவிட்டது, படுக்கை அறை விஷயம் உட்பட எல்லாவற்றையும் வெளிப்படையாகப் பேசுகிறாள். அரசியல் நாடகம் என்று ஆரம்பித்தது கல்யாண நாடகமாக மாறி, இரண்டும் ஒன்றுதான் என்று காட்டிவிடுகிறது. இரண்டு பேர் மட்டும் போதும் என்பதால் இதை எங்கே வேண்டுமானாலும் எடுத்துப் போக முடிந்தது, கரீபியனிலும் வட அமெரிக்காவிலும் நிறைய இடங்களில் போட்டார்கள்.

கொஞ்சம் நின்று கவனித்தால், நாட்டைவிட்டுப் போவது என்ற விஷயம் அவரை விடவே இல்லை என்று தெரியும். மிஸ் பிராண்டன் போக நினைக்கிறார், லென் போய்விட்டு வருகிறான், குளோரியா போய்விட்டு வருகிறாள். 1988ல் கனடாவில் எடுத்த 'மில்க் அண்ட் ஹனி' படத்தில், ஜமைக்காவிலிருந்து டொரன்டோவுக்கு வீட்டு வேலைக்குப் போகிற ஒரு பெண்தான் நாயகி, வேடத்தில் ஜோசெட் சைமன். க்ளென் சால்ஸ்மனோடு சேர்ந்து எழுதிய அந்தத் திரைக்கதைக்கு ரோனுக்குக் கனடாவின் ஜீனி திரைப்பட விருது கிடைத்தது. போய்விட்டுத் திரும்பி வந்தவர் எழுதியதால்தான், இந்தப் பாத்திரங்கள் யாரையும் அவர் ஓடுகாலி என்று பழிக்கவில்லை, யாரையும் தியாகி ஆக்கவும் இல்லை.

2003ல் 'ஒன் லவ்' படத்துக்குத் திரைக்கதை எழுதினார். ரஸ்தாஃபாரி என்ற ஜமைக்கா மதத்தைச் சேர்ந்த இசைக்கலைஞன், பெந்தெகொஸ்தே பாதிரியாரின் மகள், காதல். பாப் மார்லியின் மகன் கை-மானி மார்லி நடித்தார். இனிமையான படம், அதற்கு மேல் சொல்ல ஒன்றும் இல்லை.

என்ன மிஞ்சியது

கெடு வைத்த 1977க்குள் முழுநேரத் தொழில்முறை அரங்கு வந்துவிட்டதா என்று கேட்டால், அவர்கள் கனவு கண்ட அளவில் இல்லை. ஆனால் 1970களிலும் 80களிலும் கிங்ஸ்டனில் சின்னச் சின்ன அரங்குகள் பல வந்தன, மாதக்கணக்கில் ஒரு நாடகம் ஓடுவது சாதாரண விஷயமானது. இதற்கெல்லாம் முன்மாதிரி பார்ன். இதன் மறுபக்கமும் உண்டு. சிரிப்பு இருந்தால் டிக்கெட் போகும் என்று தெரிந்துகொண்டவர்களில் சிலர், ரோன் சிரிப்புக்கு அடியில் வைத்திருந்ததை விட்டுவிட்டுச் சிரிப்பை மட்டும் எடுத்துக்கொண்டார்கள். பச்சையான பேச்சும் இரட்டை அர்த்தமுமாக ஒரு பெரிய நாடகச் சந்தையே உருவானது. அதற்கு ரோனைப் பொறுப்பாக்குவது சரியில்லை, ஆனால் உள்ளூர் டிக்கெட்டை மட்டும் நம்பியிருக்கிற முறையில் இந்த ஆபத்து எப்போதும் இருக்கிறது.

அரசாங்கம் 1980ல் அவருக்கு ஆர்டர் ஆஃப் டிஸ்டிங்ஷன் பட்டம் கொடுத்தது, ஜமைக்கா இன்ஸ்டிட்யூட் 1988ல் மஸ்கிரேவ் தங்கப் பதக்கம் கொடுத்தது. இவோன் ப்ரூஸ்டர் பிற்பாடு லண்டனில் 1986ல் டலாவா என்ற நாடகக் குழுவை ஆரம்பித்து, பிரிட்டனின் கறுப்பு நாடகத்தில் பெரிய பெயர் ஆனார். அப்படிப் பார்த்தால் அந்தக் கார் ஷெட் இரண்டு நாட்டு அரங்குகளுக்கு ஆள் கொடுத்திருக்கிறது. பார்ன் 2000களின் நடுவில் மூடப்பட்டது.

அறுபது வயதைத் தாண்டியபின் ரோன் 'பெல்லாஸ் கேட் பாய்' என்று தன் கதையைத் தானே எழுதி, தானே தனியாக மேடையில் நின்று நடித்தார். மலைக்கிராமத்துச் சிறுவன், ஸ்பானிஷ் டவுன் பள்ளி, இங்கிலாந்துக் குளிர், திரும்பிய பயணம், எல்லாம் ஒரே ஆளின் குரலில். இரண்டு பேர் வைத்து எழுதியவர் கடைசியில் ஒருவரில் வந்து நின்றார். 2009 செப்டம்பர் 15ஆம் தேதி மாரடைப்பில் இறந்தார், வயது 69.

புதிதாகப் படிக்க நினைப்பவர்களுக்கு: 'ஓல்ட் ஸ்டோரி டைம்', 'ஸ்மைல் ஆரஞ்ச்' இரண்டும் புத்தகமாகக் கிடைக்கின்றன. முதலில் 'ஸ்மைல் ஆரஞ்ச்' எடுங்கள். பட்வா முதல் பத்துப் பக்கம் தடுக்கும், விட்டுவிடாதீர்கள், வாய்விட்டுப் படித்தால் ஒரே மணி நேரத்தில் காது பழகிவிடும். படமாகப் பார்ப்பது அதற்கு அப்புறம் இருக்கட்டும்.